நாட்காட்டியைத் திருத்திய மேகநாத் சாகா

ஆண்டுக்கு எத்தனை நாள் என்று கேட்டால் முதல் வகுப்புக் குழந்தையும் சொல்லிவிடும். ஆனால் அந்த ஆண்டு எந்த நாளில் பிறக்கிறது என்று கேட்டால் நம் நாட்டில் ஒரே விடை கிடைக்காது. சித்திரை முதல் நாள் என்போம் நாம். யுகாதி என்பர் தெலுங்கர். தீபாவளிக்கு மறுநாள் என்பர் குஜராத்தியர். நாடு விடுதலை பெற்ற காலத்தில் ஏறத்தாழ முப்பது வகை நாட்காட்டிகள் இங்கே வழக்கில் இருந்தன. இவற்றிடையே நாடு முழுமைக்கும் பொதுவாக ஒன்றை வகுக்கும் பணிக்குத் தலைமை ஏற்றவர் அறிவியல் மேதை மேகநாத் சாகா.

இன்றைய வங்காள தேசத்தில், டாக்கா நகருக்கு அருகிலுள்ள சியோரத்தலி என்னும் சிற்றூரில் 1893ஆம் ஆண்டு அக்டோபர் 6ஆம் நாள் இவர் பிறந்தார். தந்தையார் சிறு மளிகைக் கடை வைத்திருந்தார். பிள்ளைகள் எண்மர். மூத்தவர்களைப் போல மேகநாதரும் கடையில் உட்கார வேண்டியவரே. ஆயினும் படிப்பில் அவருக்கிருந்த ஆர்வத்தைக் கண்ட ஒரு மருத்துவர் தம் வீட்டில் இடமும் உணவும் தந்தார். அதற்கு ஈடாகச் சிறுவன் பசுவைப் பராமரிக்க வேண்டும்; தாழ்ந்த சாதி என்பதால் உண்ட தட்டைத் தானே கழுவ வேண்டும். அங்கிருந்து படித்துத்தான் அவர் டாக்கா மாவட்டத்திலேயே முதல் மாணவராகத் தேறினார்.

1905இல் டாக்காவில் உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்தார். அது வங்கப் பிரிவினைக் காலம். பள்ளிக்கு ஆங்கில ஆளுநர் வந்தபோது மாணவர்கள் புறக்கணித்தனர். சாகா பள்ளியை விட்டு நீக்கப்பட்டார், உதவித்தொகையும் போயிற்று. வேறொரு பள்ளி அவரை ஏற்றுக்கொண்டது. நம் பள்ளித் தோழியருக்கு ஒரு செய்தி வியப்பாக இருக்கும். அந்நாளில் பாப்டிஸ்டு மிஷன் நடத்திய விவிலிய வகுப்புகளுக்கும் இந்த இந்து மாணவர் சென்றார். விவிலியத் தேர்வில் முதலிடம் பெற்று நூறு ரூபாய்ப் பரிசும் வென்றார்! நம்மில் எத்தனை பேர் மறைக்கல்வித் தேர்வுக்கு அவ்வளவு உழைக்கிறோம்?

1911இல் கல்கத்தா மாநிலக் கல்லூரி. ஆசிரியர்கள் ஜகதீச சந்திர போசும் பிரபுல்ல சந்திர ராயும். வகுப்புத் தோழர் சத்தியேந்திர நாத் போஸ். கல்லூரியின் பெருமை இப்படி. விடுதியிலோ சாதியின் காரணமாக உடன் படித்தவர் சிலரே அவரோடு அமர்ந்து உண்ண மறுத்தனர்.

1920இல் தம் பெயரால் இன்றும் வழங்கும் சமன்பாட்டை வெளியிட்டார். விண்மீன் ஒளியைப் பட்டகத்தில் பிரித்தால் தெரியும் கோடுகளைக் கொண்டு அதன் வெப்பநிலையை அறிய அச்சமன்பாடு வழி செய்தது. நம் திண்டுக்கல் சமவெளியிலிருந்து மேற்கே தெரியும் மலைக்கு மேல், கொடைக்கானலில், 1901 முதல் சூரியனை ஆராய்ந்து வரும் வானாய்வுக் கூடம் இருக்கிறதல்லவா? 1945இல் நாட்டின் வானாய்வுக் கூடங்களை மேம்படுத்தத் திட்டம் வகுத்த குழுவுக்குத் தலைவர் சாகாவே. கொடைக்கானலும் அத்திட்டத்தில் அடங்கும்.

1952இல் சாகா நாடாளுமன்ற உறுப்பினரானார். அவ்வாண்டு நவம்பரில் அரசு அமைத்த நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவுக்கும் அவரே தலைவர். பஞ்சாங்கங்களை ஒப்பிட்ட குழு ஓர் உண்மையை எடுத்துக் காட்டியது. பழைய சூரிய சித்தாந்தம் கணித்த ஆண்டு, பருவங்கள் சுழன்று வரும் உண்மை ஆண்டைவிட ஏறத்தாழ 24 நிமிடம் நீளமானது. 24 நிமிடந்தானே என்று தோன்றும். ஆனால் பிரபவ முதல் அட்சய வரை ஒரு சுற்று, அதாவது அறுபது ஆண்டு ஓடினால், ஒரு முழு நாள் பிசகிவிடும். ஏறத்தாழ 1400 ஆண்டுகளில் 23 நாள் பிசகிவிட்டது. சூரியன் வடக்கே திரும்புவது டிசம்பர் 22 வாக்கில். நாம் தை பிறந்ததாகப் பொங்கலிடுவது ஜனவரி 14 வாக்கில். பகலும் இரவும் சமமாவது மார்ச் 21 வாக்கில். சித்திரை பிறப்பதோ ஏப்ரல் 14 வாக்கில். இப்படியே விட்டால், ஆயிரமாயிரம் ஆண்டுகளுக்குப் பின் ஆடிப்பட்டத்தை நம்பி விதைப்பவர் எந்த மழைக்குக் காத்திருப்பார்?

1955இல் குழு அறிக்கை தந்தது. சக ஆண்டை வைத்துக்கொண்டு, மார்ச் 22ஐச் சைத்திர மாத முதல் நாளாக்கினர். நெட்டாண்டில் மட்டும் மார்ச் 21. சைத்திரத்துக்கு 30 நாள், நெட்டாண்டில் 31. அடுத்த ஐந்து மாதங்களுக்கு 31 நாள். எஞ்சிய ஆறுக்கு 30 நாள். இதிலும் காரணம் உண்டு. அந்தக் கோடை மாதங்களில் பூமி சூரியனுக்குச் சற்றுத் தொலைவில் மெல்லச் செல்கிறது. நம் ஆனிக்கு 32 நாள் வருவதும் மார்கழிக்கு 29 நாளே வருவதும் இதனால்தான்.

உலகம் முழுவதற்கும் ஒரே நாட்காட்டி என்னும் திட்டத்தையும் சாகா ஆதரித்தார். 1954இல் இந்தியா அதை ஐக்கிய நாடுகள் அவையின் முன் வைத்தது. அதன்படி ஆண்டின் கடைசி நாளுக்குக் கிழமையே கிடையாது. அப்படியானால் ஏழு நாளுக்கு ஒருமுறை வரும் ஞாயிறு என்னவாகும்? பல சமயத்தாரும் எதிர்த்தனர், திட்டம் நின்றுபோயிற்று. பின்னர் 1963இல், இரண்டாம் வத்திக்கான் சங்கம், ஏழு நாள் வாரத்தைக் குலைக்காத நாட்காட்டியையே திருச்சபை எதிர்க்காது என்று அறிவித்தது. இந்த ஒன்றில் எனக்குச் சாகாவின் பக்கம் நிற்க மனம் வரவில்லை. இந்திய நாட்காட்டியிலோ கணக்கு முழுவதும் அவர் பக்கமே. ஆனால் சித்திரைக் கனி காண்பதை மார்ச்சு மாதத்துக்கு மாற்றச் சொன்னால் எந்தப் பாட்டி கேட்பார்? எங்கள் வீட்டுத் தினசரி நாட்காட்டியில் இராகு காலமும் குளிகையும் இருக்கின்றன. சக ஆண்டுத் தேதியைத் தேடியும் காணவில்லை.

1956ஆம் ஆண்டு பிப்ரவரி 16ஆம் நாள், தில்லியில் திட்டக்குழு அலுவலகத்துக்குச் செல்லும் வழியில் மாரடைப்பால் சாகா காலமானார். அவருக்கு வயது 62. அடுத்த ஆண்டு மார்ச்சு 22ஆம் நாள், சக ஆண்டு 1879 சைத்திரம் முதல் நாளாக, புதிய நாட்காட்டி நடைமுறைக்கு வந்தது. இந்திய அரசிதழின் தலைப்பில் ஆங்கிலத் தேதியோடு அந்தத் தேதியும் அச்சாகி வருகிறது.