காந்தி பிலிமைத் தேடி 1 லட்சம் மைல்... யார் இந்த ஏ.கே.செட்டியார்?

காந்தி வேகமாக நடந்து வரும் பழைய கறுப்பு வெள்ளைக் காட்சியை இன்னைக்கு செல்போனில் ஒரு நொடியில் பார்த்துடலாம். 1937-ல் நிலைமையே வேற. அந்த மாதிரி பிலிம் சுருள்கள் எந்த நாட்டில், யாரிடம் இருக்குன்னு தேடித்தான் கண்டுபிடிக்கணும். அப்படித் தேடிப் போனவர் ஒரு தமிழர்.

யார் இவர்?

ஏ.கே.செட்டியார் என்கிற அ.கருப்பன் செட்டியார். 1911 நவம்பர் 4-ல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர். ரங்கூனில் 'தனவணிகன்' பத்திரிகைக்கு ஆசிரியராக இருந்தார். பிறகு ஜப்பானிலும் அமெரிக்காவிலும் புகைப்படக் கலை படித்தார்.

கப்பலில் பிறந்த யோசனை

1937 அக்டோபர் 2, காந்தி பிறந்தநாள். நியூயார்க்கில் இருந்து டப்ளின் போகும் கப்பலில் இருந்தார் செட்டியார். காந்தியின் வாழ்க்கையை ஆவணப்படமாக எடுக்கணும் என்ற எண்ணம் அங்கேதான் வந்தது. அப்போ அவருக்கு 26 வயசுகூட நிரம்பலை.

ஆனா ஒரு பெரிய சிக்கல். நடந்து முடிந்த போராட்டங்களை மறுபடி நடத்திப் படம்பிடிக்க முடியாது. அன்னைக்கே யாராவது கேமராவில் எடுத்திருந்தால்தான் உண்டு.

எவ்வளவு சேர்த்தார்?

* பயணம்: 4 கண்டங்கள், சுமார் 1 லட்சம் மைல்
* சேர்த்த பிலிம்: சுமார் 50,000 அடி
* எடுத்தவர்கள்: 30 ஆண்டுகளில் சுமார் 100 கேமராமேன்கள்

இதில் இருந்து சுமார் 12,000 அடியைத் தொகுத்து, தமிழ் விளக்கவுரையோடு 1940 ஆகஸ்ட் 23-ல் படத்தை வெளியிட்டார். நாட்டை ஆண்டது பிரிட்டிஷ் அரசு. உலகப் போரும் நடந்துக்கிட்டு இருந்தது. அந்த நேரத்தில் காந்தியைப் பற்றிப் படம் காட்டுவது சாதாரண விஷயம் இல்லை. பின்னர் தெலுங்கு, இந்தி வடிவங்களும், 1953-ல் அமெரிக்காவில் ஆங்கில வடிவமும் வந்தன.

படம் என்ன ஆச்சு?

உலகம் முழுக்க அலைந்து சேர்த்த படமே பிற்காலத்தில் காணாமல் போச்சு. அந்தக் கால நைட்ரேட் பிலிம் சுலபமா தீப்பிடிக்கும். சரியான குளிர்ச்சியில் வைக்காவிட்டால் பிசுபிசுத்துக் கெட்டுப்போகும். புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியதே 1964-ல்தான்.

பல வருஷத் தேடலுக்குப் பிறகு, சுருக்கப்பட்ட ஆங்கில வடிவம் அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் இருப்பதை வரலாற்றாய்வாளர் ஆ.இரா.வேங்கடாசலபதி கண்டறிந்தார். காந்தி பிலிமை உலகெங்கும் தேடியவர் செட்டியார். கடைசியில் அவர் படத்தையே இன்னொருவர் தேட வேண்டியதாச்சு.

எழுத்தில் மிஞ்சியது

1943 முதல் 'குமரி மலர்' இதழை நடத்திய செட்டியார், படம் எடுத்த கதையை அதில் தொடராக எழுதினார். அது 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாகவும் வந்திருக்கு. 1983 செப்டம்பர் 10-ல் அவர் காலமானார். 1940-ல் தமிழில் ஓடிய அந்த முழுப்படத்தைப் பார்க்கும் வாய்ப்பு இன்றைய தலைமுறைக்கு இல்லை. அதை எப்படி எடுத்தார்னு தெரிஞ்சுக்க அந்தப் புத்தகம் இருக்கு.