திருமணியில் ஒரு மருத்துவர்

மாமல்லபுரத்துக் கடலோரச் சிற்றூரிலிருந்து திருக்கழுக்குன்றம் வழியாக நாள்தோறும் செங்கற்பட்டுக் கல்லூரிக்குப் பேருந்தில் வருபவன் நான். எங்கள் ஊர்ப் பெரியவர்கள் ‘திருமணி’ என்ற பெயரைக் குரல் தாழ்த்தியே சொல்வார்கள். பெருநோய் கண்டவர்கள் போய்ச் சேரும் இடம் என்பது அவர்கள் எண்ணம். அங்குப் பணியாற்றிய ராபர்ட் காக்ரேனைப் பற்றிப் படித்தபின் அப்பெயர் என் காதில் வேறாக ஒலிக்கிறது.

மருத்துவத் தொண்டரின் மகனாக 1899-இல் சீனாவில் பிறந்தவர் காக்ரேன். திருமணியில் 1924-இல் தொடங்கப்பட்ட லேடி வில்லிங்டன் தொழுநோய் மருத்துவமனைக்கு 1935-இல் தலைமை மருத்துவராக வந்தார்.

அந்நாளில் நோயாளியின் உடல் அவருக்கே சொந்தமாக இல்லை. பிச்சையெடுக்கும் தொழுநோயாளியைப் பிடித்து அடைத்துவைக்க 1898-ஆம் ஆண்டுச் சட்டம் இடம் தந்தது. 1925-இல் வெளிவந்த ‘பென்ஹர்’ என்னும் ஊமைப்படத்தில் கதாநாயகனின் தாயும் தங்கையும் இந்நோயால் ஒதுக்கப்பட்டு, முடிவில் அற்புதத்தால் குணமடைகிறார்கள். திருமணியில் அற்புதம் ஏது? நீரடிமுத்து இனத்து எண்ணெய் ஊசிதான்; வலி மிகுதி, பலன் குறைவு.

1941 முதல் அமெரிக்காவில் சல்போன் வகை மருந்தொன்று பயன்பட்டது. விலையோ அதிகம். அதன் மூலப்பொருளான டாப்சோன் மலிவானது. ஆனால் மனித உடல் தாங்காத நஞ்சு என்று ஒதுக்கப்பட்டு, மாடுகளின் மடிநோய்க்கே உதவிவந்தது. காக்ரேன் அதனை எண்ணெயில் கலந்து, 1946 அளவில் செங்கற்பட்டு நோயாளிகளுக்கு ஊசியாகச் செலுத்தினார். நோய் தணிந்தது. பின்னர் அது மாத்திரையாகி, ஏழை நாடுகளுக்கெல்லாம் சென்றது.

இவ்விடத்தில் எனக்கொரு தயக்கம். வேண்டாம் என்று சொல்லும் நிலையில் அந்த நோயாளி இருந்தாரா? ஊரும் உறவும் துரத்த, வேறு போக்கிடமற்றவர் நீட்டிய கையைச் சம்மதம் என்று கொள்ளலாமா? காக்ரேனைப் போற்றிக்கொண்டேதான் இதைக் கேட்கிறேன்.

வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரியின் முதல்வராகவும் இருந்த அவரைக் காண, 1947-இல் செங்கற்பட்டுக்கு வந்தார் பால் பிராண்ட். நம் கொல்லிமலையில் வளர்ந்த அறுவை மருத்துவர் அவர். மடங்கிப்போன இக்கைகளை ஏன் யாரும் நிமிர்த்த முயலவில்லை என்று பிராண்ட் வினவ, எலும்பு மருத்துவரான நீர்தான் அதற்கு விடை சொல்ல வேண்டும் என்று காக்ரேன் திருப்பிவிட்டாராம். ஒரு நோயாளியிடம் தம் கையை அழுத்தச் சொன்னார் பிராண்ட். பிடி வலுவற்றிருக்கும் என்று எண்ணியவருக்கு வலி பொறுக்கவில்லை! உணர்ச்சியற்ற அந்தக் கையில் நல்ல தசை உயிரோடிருந்தது. அத்தகைய தசைகளின் நாண்களை இடம் மாற்றித் தைத்து, விரல்களை நிமிர்த்தும் அறுவையை வேலூரில் அவர் தொடங்கினார்.

திருமணி மருத்துவமனையை 1955-இல் நடுவண் அரசு ஏற்று, தொழுநோய்ப் பயிற்சி ஆய்வு நிறுவனமாக்கியது. காக்ரேன் 1985-இல் மறைந்தார்.