நீதிமன்றத்தின் முன் பெரியார்

நம் திருவண்ணாமலை இரயில் நிலையம் என்றால் பௌர்ணமிக் கூட்டமே நம் நினைவுக்கு வரும். 1949 மே மாதம், கவர்னர் ஜெனரலாக இவ்வூர் வந்திருந்த இராஜாஜியைத் தந்தை பெரியார் தேடிவந்து சந்தித்ததும் அங்கேதான். தமக்குப் பின் இயக்கத்தின் உடைமைகளுக்குச் சட்டப்படி ஒரு வாரிசு வேண்டுமே என்பது அவருடைய கவலை. பலமுறை சிறை சென்ற மனிதருக்குச் சட்டத்தின்மேல் இத்தனை கவனமா என்று நான் வியந்தேன். அந்த வியப்பே இக்கட்டுரையை எழுதத் தூண்டியது.

ஈரோட்டு வணிகர் வெங்கட்ட நாயக்கரின் மகனாக 1879 செப்டம்பர் 17இல் பிறந்தவர் பெரியார். இளமையில், வாரண்டுக்குத் தப்பி ஒளிந்திருந்த ஒருவரைப் பிடிக்கக் கோர்ட்டுச் சேவகருக்கு உதவினார். பிடிபட்டவரோ தந்தை பெரிதும் மதித்த குருக்களின் உடன்பிறந்தார். பலர் பார்க்கத் தந்தையிடம் அடி விழுந்தது. கோர்ட்டு உத்தரவு நிறைவேற உதவியதற்குக் கிடைத்த பரிசு!

ஒத்துழையாமை இயக்கத்தின்போது காங்கிரஸ் நீதிமன்றங்களைப் புறக்கணித்தது. தமக்கு வரவேண்டிய ஏறத்தாழ 50,000 ரூபாய்க்கு வழக்குத் தொடராமல் விட்டுவிட்டார் பெரியார். பத்திரங்களைத் தம் பெயருக்கு மாற்றிக் கொடுத்தால் வசூலித்துத் தருவதாகச் சேலம் விஜயராகவாச்சாரியார் சொல்லியும் இசையவில்லை. நாமாயிருந்தால் இசைந்திருப்போம்.

1950இல் வகுப்புவாரி உத்தரவு செல்லாது என்றது சென்னை உயர்நீதிமன்றம். 1951 ஏப்ரலில் உச்சநீதிமன்றமும் அதையே கூறியது. தீர்ப்புக்கு அரசு பணியாதிருப்பது நீதிமன்ற அவமதிப்பு. பெரியார் கேட்டது அதுவன்று. அரசியல் சட்டத்தையே திருத்துங்கள் என்று கிளர்ச்சி செய்தார். அவ்வாண்டு ஜூனில் முதல் திருத்தம் வந்தது. தீர்ப்பை மீறாமல், அதற்கு அடிப்படையான சட்டத்தை மாற்றுகின்ற வழி இது. இதை நான் பெரிதாக மதிக்கிறேன்.

ஆனால் அவமதிப்பு வழக்கு அவரையும் விடவில்லை. திருச்சி கலெக்டர் மலையப்பனை உயர்நீதிமன்ற நீதிபதிகள் ஒரு தீர்ப்பில் கடுமையாகக் கண்டித்திருந்தனர். அதில் சாதி நோக்கம் இருக்கிறது என்று 1956 நவம்பரில் திருச்சிப் பொதுக்கூட்டத்தில் பெரியார் சாடினார். 1957 ஏப்ரலில் உயர்நீதிமன்றத்தில் நின்றபோது, பேசியதை மறுக்கவுமில்லை, மன்னிப்புக் கேட்கவுமில்லை; நீண்டதொரு அறிக்கையை முன்வைத்தார். அபராதம் விதிக்கப்பட்டது. நீதிபதியின் நோக்கத்தையே ஐயுறுவதில் எனக்கு இன்றும் தயக்கம் உண்டு. எனினும், பேசியதற்குப் பொறுப்பேற்று நிற்க எழுபத்தேழு வயதில் எத்தனை பேருக்குத் துணிவு வரும்?

தீர்ப்பை நேர்மையாக விமர்சிப்பது அவமதிப்பாகாது என்று தனிப்பிரிவே வகுத்த நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971 டிசம்பர் 24இல் பிறந்தது. சரியாக இரண்டு ஆண்டுகள் கழித்து, 1973இல் அதே டிசம்பர் 24ஆம் நாள், நமக்கு அண்மையிலுள்ள வேலூரில், மருத்துவமனையில் பெரியார் கண்மூடினார்.