சுரங்க இன்ஜினீயர் நிர்வாக ஆசான் ஆன கதை

1861-ம் ஆண்டு மே மாதம் ஒருநாள் காலை, பிரான்சு நாட்டின் கொமாந்திரி நிலக்கரிச் சுரங்கத்தில், ஆறாவது தளத்தில் வேலை செய்த குதிரையின் கால் முறிந்துவிட்டது. வேறு குதிரை கேட்டு இளம் இன்ஜினீயர் ஒருவர் சீட்டு எழுதினார். லாயக்காரர் மறுத்துவிட்டார். டைரக்டர் கையெழுத்து இல்லாமல் குதிரை தரக்கூடாது என்பது அவருக்கு இடப்பட்ட உத்தரவு. டைரக்டரோ அன்று இல்லை. தமக்குப் பதிலாக எவரையும் நியமிக்கவும் இல்லை. ஒரு கையெழுத்துக்காக அந்தத் தளத்தில் வேலை கெட்டது.

அந்த இன்ஜினீயர்தான் ஹென்றி ஃபயோல். அப்போது வயது 19. மேலதிகாரி இல்லாத வேளையிலும் அவருடைய பொறுப்பை ஏற்க ஒருவர் இருந்தாக வேண்டும் என்ற பாடத்தை அவர் தம் குறிப்பேட்டில் எழுதி வைத்தார்.

ஃபயோல் 1841-ல் துருக்கியின் இஸ்தான்புல் நகரில் பிறந்தார். தந்தை அங்கு பொறியியல் பணியில் இருந்தார். பிரான்சில் சேந்த் எத்தியேன் சுரங்கக் கல்லூரியில் படித்துத் தேறி, 1860-ல் கொமாந்திரியில் வேலைக்குச் சேர்ந்தார். பூமிக்கடியில் நிலக்கரியில் பற்றும் தீயை அணைப்பதே தொடக்க ஆண்டுகளில் அவருக்குப் பெரும் வேலையாக இருந்தது. 1866-ல் அச்சுரங்கத்தின் மேனேஜரானார்.

1888-ல் கம்பெனி திவாலாகும் நிலைக்கு வந்தபோது மேனேஜிங் டைரக்டர் பொறுப்பு அவரிடம் வந்தது. 1918-ல், 77-வது வயதில் ஓய்வு பெறும்போது கம்பெனி செழிப்பாக நின்றது. ஆட்களையும் சுரங்கங்களையும் விட, நிர்வாக முறையை மாற்றியதே இதற்குக் காரணம் என்று அவர் கூறி வந்தார். ஆனால் நஷ்டத்தில் ஓடிய ஆலைகளை அவர் மூடியதும் உண்டு. ஆலை மூடினால் தொழிலாளி வீட்டில் என்ன நடக்கும் என்பது நமக்குத் தெரியும். ஆகவே அவரைத் தொழிலாளர் தலைவராக எண்ண வேண்டாம். அவர் முதலாளிகளின் அதிகாரிதான்.

ஆயினும் அவர் கற்பித்தவை உழைப்பவருக்கும் பயன்படுபவை. 1916-ல் வெளியான நூலில் 14 கோட்பாடுகளை வகுத்தார். ஒருவருக்கு ஒரே மேலதிகாரியிடமிருந்துதான் உத்தரவு வரவேண்டும்; ஊதியம் நியாயமாக இருக்கவேண்டும்; ஆட்களை அடிக்கடி மாற்றக்கூடாது; கீழே இருப்பவருக்கும் யோசனை சொல்ல இடம் வேண்டும் என்பவை அவற்றில் சில.

குமாஸ்தாக்கள் கவனிக்க வேண்டியது மற்றொன்று. ஒரு செக்ஷனிலிருந்து அடுத்த செக்ஷனுக்குப் போக வேண்டிய பைல், உச்சி வரை ஏறி மறுபக்கம் இறங்க வேண்டியதில்லை. இரு பக்கத்து மேலதிகாரிகளும் சம்மதித்தால், சமநிலையில் உள்ள இருவர் நேரில் பேசி முடித்து, முடிவை அவர்களுக்குத் தெரிவித்தால் போதும். ஏணியை ஒடிக்காமல் நடுவே போடும் பாலம் இது.

ஓய்வுக்குப் பின் ஃபயோல் வீட்டில் முடங்கவில்லை. நிர்வாகக் கல்விக்கென ஒரு மையம் நிறுவி, ஆலை அதிபர்களுக்கும் அரசு அதிகாரிகளுக்கும் போதித்தார். நிர்வாகம் பிறவி வரமன்று, பள்ளியிலேயே கற்பிக்கக்கூடிய பாடம் என்பது அவர் கட்சி. பிரெஞ்சு அஞ்சல், தந்தி இலாகாவை ஆராய்ந்து 1921-ல் அறிக்கை தந்தார். அடிக்கடி மாறும் தலைமை, நீண்டகாலத் திட்டமின்மை, முறையான வரவுசெலவு ஐந்தொகை இன்மை ஆகியவற்றையே அதில் குறை கூறினார்.

1925-ல் பாரிசில் காலமானார். 1949-ல் வெளிவந்த ஆங்கில மொழிபெயர்ப்புக்குப் பிறகே அவர் புகழ் உலகெங்கும் பரவியது. இன்று நம் நாட்டுக் கல்லூரிகளிலும் வணிகவியல் மாணவர்கள் அவரைப் படிக்கின்றனர்.

வேலை தடைப்பட்டால் கவுண்டரில் இருப்பவன் மீதே பழி விழுவது வழக்கம். பழி சொல்லுமுன், அவன் கையைக் கட்டிய உத்தரவு எது, அதைப் போட்டவர் யார் என்று கேட்கவேண்டும். ஃபயோலின் வாழ்வு சொல்லித் தருவது அதுவே.