பனியோடு மிதந்தவர்

1881ஆம் ஆண்டு ஜூன் திங்களில், சைபீரியாவுக்கு வடக்கே ‘ஜெனட்’ என்னும் அமெரிக்கக் கப்பலைப் பனிக்கட்டிகள் நெருக்கி நொறுக்கின. மூன்று ஆண்டுகளுக்குப் பின், அக்கப்பலுக்குரியவை என நம்பப்பட்ட பொருள்கள் சில கிரீன்லாந்தின் தென்மேற்குக் கரையோரம் கிடைத்தன. அவை எவ்வாறு அங்கு வந்தன? ஆர்க்டிக் பெருங்கடலின் ஊடே ஒரு நீரோட்டம் பனியைச் சுமந்து வருகிறது என்னும் கருத்தை நார்வேயின் வானிலை அறிஞர் மோன் முன்வைத்தார். அதனைப் படித்த ஓர் இளைஞரின் உள்ளத்தில் வேறொரு வினா எழுந்தது. உடைந்த பொருள்களைச் சுமந்து வந்த பனி, உடையாத ஒரு கப்பலைச் சுமந்து வராதா?

அவ்விளைஞர் ஃபிரிட்ஜாஃப் நான்சன். 1861ஆம் ஆண்டு அக்டோபர் 10ஆம் நாள், இன்று ஆஸ்லோ எனப்படும் கிறிஸ்தியானியா நகருக்கு அருகில் பிறந்தார். விலங்கியல் கற்று, நரம்பணுக்களை ஆராய்ந்து 1888இல் முனைவர் பட்டம் பெற்றார். அதே ஆண்டில் ஐவர் துணையுடன் கிரீன்லாந்தின் பனிப்பரப்பைப் பனிச்சறுக்குக் கட்டைகளில் கடந்து புகழ்பெற்றார்.

பனிக்கட்டியை எதிர்த்து மோதிய கப்பல்கள் உடைந்தன. எனவே மோதாத கப்பல் ஒன்று வேண்டும் என்றார் நான்சன். அதனைக் கட்டித் தந்தவர் காலின் ஆர்ச்சர். ‘ஃபிராம்’ எனப் பெயரிடப்பட்ட அக்கப்பல் 1892 அக்டோபரில் நீரில் இறக்கப்பட்டது. ‘முன்னோக்கி’ என்பது அப்பெயரின் பொருள். ஏறத்தாழ 39 மீட்டர் நீளமும் 11 மீட்டர் அகலமும் கொண்ட அதன் வடிவம் பருத்துத் தோன்றும். அழகிய கப்பல் என்று அதனை யாரும் சொல்லமாட்டார்கள். அந்த உருண்ட வடிவத்தில்தான் அதன் உயிர் இருந்தது. பக்கங்களில் பனி நெருக்கும்போது பிடி கிடைக்காமல் கப்பல் மேலெழும்பிப் பனிமீது அமரும். சுக்கானையும் உந்துவிசிறியையும் கப்பலுக்குள்ளேயே தூக்கி வைத்துக்கொள்ளலாம். தடித்த மரச்சுவர்களின் உட்புறம் குளிரைத் தடுக்கும் பொருள்கள் பல அடுக்குகளாகப் பொதியப்பட்டன. காற்றாலை ஒன்று மின்விளக்குக்கு ஆற்றல் தந்தது. ஆர்க்டிக் பயணங்களில் பட்டறிவு மிக்க கிரீலி முதலியோர் இத்திட்டத்தை வெளிப்படையாக எதிர்த்தனர். அவர்களது அச்சத்தைப் பொருளற்றது என்று தள்ளிவிட முடியாது. அதுவரை பனி பல கப்பல்களை விழுங்கியிருந்தது.

1893 ஜூன் 24ஆம் நாள் ஃபிராம் புறப்பட்டது. நான்சனும் கப்பல் தலைவர் ஆட்டோ ஸ்வெர்ட்ரூப்பும் உட்பட அதில் இருந்தவர் பதின்மூவர். செப்டம்பரில் கப்பல் பனியில் உறைந்தது. எதிர்பார்த்தவாறே நெருக்கத்தில் அது மேலெழுந்தது. எதிர்பார்த்த விரைவில்தான் நகரவில்லை. சில வாரங்களில் பின்னோக்கியும் சென்றது. எனினும் ஆய்வு ஓயவில்லை. ஆழமற்றது எனக் கருதிய கடலில் அளவுகயிறு தரையைத் தொடவில்லை. கப்பலின் எஃகு வடத்தைப் பிரித்து நீண்ட கயிறு திரித்து அளந்தபோது, ஆழம் 3,000 மீட்டரைத் தாண்டியது. பனி, காற்று வீசும் திசையிலிருந்து வலப்புறம் விலகி நகர்வதையும் நான்சன் கண்டார். புவிச்சுழற்சியே அதற்குக் காரணம் என்னும் அவரது கருத்தை, எக்மன் பின்னர்க் கணித வடிவில் நிறுவினார். கடலியலுக்கு இவை எந்த முனையையும்விடப் பெரிய பேறுகள்.

கப்பல் வடமுனையைத் தொடாது என்பது தெளிவாயிற்று. 1895 மார்ச் 14ஆம் நாள், கப்பலை ஸ்வெர்ட்ரூப்பிடம் ஒப்படைத்துவிட்டு ஜோஹான்சன் என்பவருடனும் 28 நாய்களுடனும் நான்சன் பனிமேல் புறப்பட்டார். மிதக்கும் கப்பலை மீண்டும் கண்டடைய இயலாது என்பதை இருவரும் அறிவர். அதுவரை எவரும் எட்டாத 86 பாகை 14 கலை வட அகலாங்கை ஏப்ரலில் அடைந்து தெற்கே திரும்பினர். நாய்களை ஒவ்வொன்றாகக் கொன்று ஏனைய நாய்களுக்கு ஊட்டியதை நான்சனே வருத்தத்துடன் பதிவுசெய்துள்ளார். கல்லையும் வால்ரஸ் தோலையும் கொண்டு அமைத்த குடிலில் ஒரு நீள்குளிர்காலம் கழிந்தது. 1896 ஜூனில் அவர்களது படகுகள் கட்டவிழ்ந்து மிதந்து சென்றன. உணவு, துப்பாக்கி அனைத்தும் அவற்றில் இருந்தன. உறைநீரில் குதித்து நீந்திய நான்சன், உடல் விறைக்கும் நிலையில் அவற்றைப் பற்றினார். சில நாளில் ஆங்கிலப் பயணி ஜாக்சனை எதிர்பாராமல் சந்தித்து உயிர்தப்பினர்.

ஆகஸ்ட் 13ஆம் நாள் நான்சன் நார்வே மண்ணை மிதித்தார். அதே நாளில் ஃபிராம் பனியிலிருந்து விடுபட்டுத் திறந்த கடலுக்கு வந்தது. பதின்மூவரும் உயிருடன் திரும்பினர்.

பின்னர் ஸ்வெர்ட்ரூப் அக்கப்பலில் நான்கு ஆண்டுகள் கனடாவின் வடதீவுகளை ஆராய்ந்தார். தென்முனை செல்ல நான்சனும் விரும்பியிருந்தார். எனினும் கப்பலை அமுண்ட்செனுக்கு விட்டுக்கொடுத்தார். வடக்கே செல்வதாகச் சொல்லிப் புறப்பட்ட அமுண்ட்சென், தெற்கே திரும்பி 1911 டிசம்பரில் தென்முனையை அடைந்தார். நான்சன் அவரைக் குறைகூறவில்லை.

முதல் உலகப்போருக்குப்பின் நாலு இலட்சத்துக்கும் மேற்பட்ட போர்க்கைதிகள் தாயகம் திரும்ப நான்சன் வழிவகுத்தார். நாடிழந்த ஏதிலியர்க்கு ‘நான்சன் கடவுச்சீட்டு’ கிடைத்தது. 1922இல் அமைதிக்கான நோபல் பரிசு அவருக்கு வழங்கப்பெற்றது.

1930 மே 13ஆம் நாள் அவர் மறைந்தார். அதே ஆண்டின் இறுதியில் ஸ்வெர்ட்ரூப்பும் காலமானார். சிதைந்துகொண்டிருந்த ஃபிராமைக் காக்க முயன்றவர்களுள் ஸ்வெர்ட்ரூப் ஒருவர். ஆஸ்லோவில் அக்கப்பலுக்கெனக் கட்டிய அருங்காட்சியகம் 1936இல் திறக்கப்பட்டது. வருவோர் இன்றும் அதன் மேல்தளத்தில் ஏறி, பதின்மூவர் வாழ்ந்த சிறிய அறைகளுக்குள் இறங்கிச் சென்று காணலாம்.