ருஷ்யப் புரட்சியைக் கண்ட தமிழர்: எம். பி. டி. ஆச்சாரியா

எமது மலைநாட்டில் நாடற்றவர் என்னும் சொல்லைக் கேளாத லயம் ஒன்று இருந்திராது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் எமது பாட்டன் பாட்டிமாருக்குச் சூட்டிய பெயர் அது. 1964இல் இரண்டு தேசத்துப் பிரதமர்கள் கூடி, இத்தனை லட்சம் உமக்கு, இத்தனை லட்சம் எமக்கு என்று தலை எண்ணிப் பங்கிட்டதும், 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரும்வரை பலர் காத்துக் கிடந்ததும் வாசகர்கள் அறிந்தவையே. ஒரு துண்டுக் கடதாசிக்காகக் காத்திருப்பது எத்தகையது என்பதை வீட்டிலேயே கேட்டு வளர்ந்த நாம், அக்கடதாசி இல்லாமலே உலகைச் சுற்றி, ருஷ்யப் புரட்சியின் நடுவிலும் நின்று வந்த ஒரு தமிழரின் சரிதையை இம்மலரில் எழுத விரும்பினோம்.

நாம் பயின்ற மிஷன் பாடசாலையில் ருஷ்ய சரித்திரம் என்றால் மகா பீட்டர், கதரீன் அரசி, நெப்போலியன் பனியில் பட்ட பாடு, அவ்வளவுதான். 1917 வருவதற்குள் மணி அடித்துவிடும். அப்புரட்சியோடு தமிழர் ஒருவருக்குத் தொடர்பிருந்தது என்று அந்நாளில் யாரும் சொல்லியிருந்தால் நாம் நம்பியிருக்க மாட்டோம்.

மண்டயம் பார்த்தசாரதி திருமலாச்சாரியார் 1887ஆம் ஆண்டு ஏப்ரல் 15ஆந் திகதி சென்னையிற் பிறந்தார். மைசூர்ப் பக்கத்திலிருந்து வந்து திருவல்லிக்கேணியில் நிலைத்த மண்டயம் ஐயங்கார் குலம் அது. சுவாமி விவேகானந்தரைச் சிக்காகோவுக்கு அனுப்ப வீடு வீடாய்ச் சென்று பணம் திரட்டிய அளசிங்கப் பெருமாள் அக்குலத்தவர்தான். மகாகவி பாரதியார் ஆசிரியராயிருந்த 'இந்தியா' வாரப்பத்திரிகையை நடத்தியவர்களும் அக்குலத்தவரே. (பத்திரிகையின் சொந்தக்காரரான மற்றொரு திருமலாச்சாரியாரும் உண்டு, இருவரையும் குழப்பிக்கொள்ளலாகாது.) 1908இல் சர்க்கார் அப்பத்திரிகைமேற் பாய்ந்து, ஆசிரியர் என்று பெயர் பதிந்திருந்த சீனிவாசனை ஐந்தாண்டு சிறையில் அடைத்தது. பத்திரிகை பிரெஞ்சுக்காரர் ஆண்ட புதுச்சேரிக்குப் பெயர்ந்தது. அங்கு பாரதியாருடன் இருந்து உழைத்த இளைஞர்களில் எமது கதாநாயகரும் ஒருவர். அவ்வாண்டு முடிவதற்குள்ளேயே அவர் கப்பலேறிவிட்டார். மீண்டும் தாய்நாட்டு மண்ணை மிதிக்க இருபத்தாறு ஆண்டுகளுக்கு மேல் ஆகும் என்பது அவருக்குத் தெரியாது.

லண்டனில் இந்தியா ஹவுஸ் என்ற விடுதியில் வ. வே. சு. ஐயர், சாவர்க்கர் முதலியோருடன் தங்கினார். 1909 ஜூலையில் மதன்லால் திங்ரா என்னும் மாணவர் கர்சன் வைலியைச் சுட்டுக்கொன்ற பின் அவ்விடுதி கலைந்தது. ஸ்பானியரை எதிர்த்துப் போராடிய மொரொக்கோ நாட்டு ரீப் மலைவாசிகளோடு சேர்ந்து யுத்தம் பழக வேண்டுமென்று நண்பர் ஒருவருடன் ஜிப்ரால்டர் வரை சென்று, அம்மலைவாசிகளைச் சென்றடையாமலே திரும்பினார். பின்னர் பாரிஸ், பேர்லின், கொன்ஸ்தாந்திநோப்பிள், அமெரிக்கா என்று அவர் அலைந்ததை எழுதப் புகுந்தால் இம்மலர் போதாது. முதலாம் மகாயுத்தம் மூண்டதும் பேர்லினில் கூடிய இந்தியப் புரட்சியாளர்களோடு சேர்ந்தார். 1917இல் சரோஜினி தேவியாரின் சகோதரர் வீரேந்திரநாத் சட்டோபாத்தியாயருடன் சுவீடனின் ஸ்டொக்ஹோம் நகரில் இருந்து இந்தியாவின் வழக்கை ஐரோப்பிய சோஷலிஸ்டுகளிடம் எடுத்துரைத்து வந்தார். அதே ஆண்டில் அயல்நாடான ருஷ்யாவில் மார்ச்சில் ஜார் முடியிழந்தார். நவம்பர் 7ஆந் திகதி போல்ஷெவிக்குகள் ஆட்சியைப் பிடித்தனர்.

அடிமைப்பட்ட தேசத்தவர் அச்செய்தியை எவ்வாறு வரவேற்றிருப்பர்! மன்னர் ஓடினார், நிலம் குடியானவருக்கு, யுத்தம் வேண்டாம், அடிமை நாடுகளுக்குச் சுயநிர்ணயம் என்று ஒரு சர்க்காரே பிரகடனம் செய்தது. பாரதியாரும் புதிய ருஷ்யாவைப் பாடினார். பாரதியாரின் தோழர் அங்கு போய்ப் பார்க்கத் துணிந்தார்.

1919 மே மாதத்தில் ராஜா மகேந்திர பிரதாப், பரகத்துல்லா, அப்துர் ரப் ஆகியோருடன் ஆச்சாரியா மொஸ்கோவில் லெனினைச் சந்தித்தார். அப்போது உள்நாட்டு யுத்தம் உச்சத்தில் இருந்தது. கிழக்கே கொல்சாக், தெற்கே தெனிகின் என்று வெள்ளைச் சேனைகள் நெருங்கின. பிரித்தானியர், பிரெஞ்சுக்காரர், அமெரிக்கர், ஜப்பானியர் ஆகிய அந்நியத் துருப்புகளும் வந்திறங்கின. மத்திய ஆசியாவிலுள்ள தாஷ்கந்து நகருக்குச் செல்லும் ரயில் பாதையைக் கொசாக்குகள் துண்டித்திருந்தனர். 1919 செப்டெம்பரில்தான் அது திறந்தது. ரயிலும் கண்டி வீதியும் மாதக்கணக்கில் அடைபட்டால் எமது அட்டன் நகரம் எந்நிலையடையும் என்று எண்ணிப் பார்த்தால் தாஷ்கந்தின் நிலை விளங்கும். நகரங்களையும் சேனையையும் காப்பாற்ற வேண்டுமென்று போல்ஷெவிக்குகள் குடியானவரின் தானியத்தைப் பலவந்தமாய் எடுத்தனர். குடியானவர் விதைப்பைக் குறைத்தனர். மழையும் பொய்த்து 1921–22இல் வந்த பஞ்சத்தில் மாண்டவர் ஏறத்தாழ 50 லட்சம். 1973–74ஆம் ஆண்டுகளில் தோட்டங்களில் மரவள்ளிக் கிழங்கும் கிடையாமல் மாண்டவர்களைப் பற்றிப் பாட்டிமார் சொல்லக் கேட்டோர்க்கு இத்தொகை வெறும் இலக்கமாகத் தோன்றாது.

ஆச்சாரியா காபூல் சென்று அப்துர் ரப்புடன் இந்தியப் புரட்சிச் சங்கம் அமைத்தார். பின்னர் தாஷ்கந்து வந்தார். 1920 ஜூலை, ஆகஸ்டு மாதங்களில் நடந்த கம்யூனிஸ்ட் அகிலத்தின் இரண்டாம் மகாநாட்டிற் பங்குபற்றினார். அவ்வாண்டு ஒக்டோபர் 17ஆந் திகதி தாஷ்கந்தில் ஏழே பேர் கூடி இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சியைத் தொடங்கினர். எம். என். ராய், அவரது அமெரிக்க மனைவி எவலின், அபனி முகர்ஜி, அவரது ருஷ்ய மனைவி ரோஸா, முகம்மது அலி, முகம்மது ஷபீக், ஆச்சாரியா ஆகியோரே அவ்வெழுவர். தலைவராய் அமர்ந்தவர் ஆச்சாரியா. அக்கட்சி பிறந்தது தாஷ்கந்திலன்று, 1925இல் கான்பூரிலேயே என்று வாதிடுவோரும் உண்டு. கான்பூரில் தலைமை வகித்தவர் சென்னைச் சிங்காரவேலர். எவ்வாதம் வென்றாலும் தலைமை நாற்காலியில் இருந்தவர் தமிழரே என்பதில் எமக்கு ஒரு சிறு பெருமை.

ஆனால் அந்நாற்காலியில் ஆச்சாரியா நெடுநாள் நிலைக்கவில்லை. காரணத்தைச் சற்று விரித்துரைப்போம். கிலாபத் இயக்கத்தின்போது பிரித்தானிய ஆட்சியில் வாழ மாட்டோமென்று ஆயிரக்கணக்கான முஸ்லிம்கள் இந்தியாவை விட்டு அப்கானிஸ்தானம் சென்றனர். அவர்களிற் சிலர் மலைகளையும் பாலைவனத்தையும் கடந்து தாஷ்கந்து வந்தடைந்தனர். அவர்களுக்கு இராணுவப் பயிற்சியளித்துக் கட்சியிலும் சேர்க்க ராய் முனைந்தார். தேச விடுதலைக்காக வந்தவரைக் கட்சிக்கென்று வளைத்தல் ஆகாது, அவர்தம் சமயமும் கருத்தும் அவர்க்கே உரியன என்ற பக்கத்தில் நின்றார் ஆச்சாரியா. வைஷ்ணவக் குலத்திற் பிறந்த ஒருவர் முஸ்லிம் யாத்திரிகரின் மனச்சாட்சிக்காகத் தமது பதவியைப் பணயம் வைத்தார். சுதந்திரத்தின் பெயரால் எழுந்த கட்சி மாற்றுக் கருத்தைப் பொறுக்காதாயின் அது யாருடைய சுதந்திரம் என்பதே அவர் உள்ளத்தைக் குடைந்த கேள்வி. 1921 தொடக்கத்தில் அவர் நீக்கப்பட்டார். ராயின் பக்கத்திலும் நியாயம் இல்லாமலில்லை: யுத்தகாலத்தில் ஒழுங்கு வேண்டும், ஏழு பேர் கட்சியில் ஏழு வழி இருத்தலாகாது. எனினும் எமது மனம் ஆச்சாரியாவின் பக்கமே சாய்கிறது.

மொஸ்கோ திரும்பிய அவர் கண்ட காட்சிகள் அச்சாய்வை உறுதிப்படுத்தின. 1921 பெப்ரவரியில் அரசற்ற சமுதாயம் பற்றி எழுதிய முதியவர் குரொபொத்கின் மறைந்தார். அவரது சவ ஊர்வலத்திற்குச் சிறையிலிருந்த சீடர் சிலரை ஒருநாள் விட்டு மீண்டும் அடைத்தனர். மார்ச்சில் குரோன்ஸ்டாட் கடற்படையினர், 1917இல் போல்ஷெவிக்குகளுக்குத் தோள் கொடுத்தவர்கள், சுதந்திரமான சோவியத்துத் தேர்தல் கேட்டு எழுந்தனர். உறைந்த கடல்மீது படை அனுப்பி அவர்களை அடக்கினார்கள். அதே மார்ச்சில் பிரித்தானியாவுடன் ருஷ்யா வர்த்தக ஒப்பந்தம் செய்தது. ஒப்பந்தத்தின் விலைகளில் ஒன்று இந்தியாவில் பிரித்தானியருக்கு எதிரான பிரசாரத்தை நிறுத்துவது. தாஷ்கந்து இராணுவப் பாடசாலை சில வாரங்களில் மூடப்பட்டது.

அப்பசிக் காலத்து மொஸ்கோவிலேதான் மக்தா நாஹ்மன் என்னும் ஓவியப் பெண்மணியை ஆச்சாரியா மணந்தார். புகழ்பெற்ற பாக்ஸ்டிடம் சித்திரம் பயின்றவர் அவர். 1922 இறுதியில் இருவரும் பேர்லின் சென்றனர். அங்கே அரசின்மைக் கொள்கையினரோடு ஆச்சாரியா சேர்ந்தார். துப்பாக்கி தூக்கி மொரொக்கோ சென்ற அதே மனிதர் காந்தியடிகளின் அகிம்சையை வியந்து எழுதலானார். பலாத்காரத்தின் பெரிய வடிவமே அரசு என்பது அவர் முடிவு. அம்முடிவு முழுவதையும் எம்மால் ஏற்க இயலவில்லை. அரசே இல்லாவிட்டால் தோட்டத்துப் பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் கட்டுபவர் யார்? ஆயினும் இரண்டு அரசுகளிடம் பட்டவர் அவ்வாறு எண்ணியதில் வியப்பில்லை.

சட்டப்படி அவர் பிரித்தானியப் பிரஜை. எமது பாட்டன்மார் 1948க்கு முன் இருந்தது போலவே. ஆனால் ஊர் திரும்பப் பாஸ்போர்ட்டுக்காகப் பல்லாண்டு மன்றாட வேண்டியதாயிற்று. ஹிட்லர் ஆட்சிக்கு வந்த பின், யூத வழிவந்த மனைவியோடு ஜெர்மனியில் இருத்தல் ஆபத்தாயிற்று. 1935இல் அவர் பம்பாய் சேர்ந்தார். மக்தா அடுத்த ஆண்டு வந்தார். மொஸ்கோவிலும் ருஷ்ய மண்ணிலும் தங்கிவிட்ட பழைய தோழர் கதி என்ன? ஸ்டொக்ஹோமில் உடனுழைத்த சட்டோபாத்தியாயரை 1937 செப்டெம்பரிலும், தாஷ்கந்து எழுவரில் ஒருவரான அபனி முகர்ஜியை அடுத்த மாதத்திலும் ஸ்டாலின் ஆட்சி சுட்டுக்கொன்றது. கட்சியை விட்டு நீக்கப்பட்டதே ஆச்சாரியாவின் உயிரைக் காத்தது எனலாம்.

பம்பாயில் வறுமையே துணை. மக்தா உருவப்படங்கள் தீட்டி வீட்டுச் செலவுக்கு உதவினார். அந்நகரின் இளம் ஓவியர் பலருக்கு வழிகாட்டினார். ஆச்சாரியா தட்டச்சுப் பொறியின் முன்னமர்ந்து பல தேசத்துச் சிறு பத்திரிகைகளுக்குக் கட்டுரை அனுப்பிக்கொண்டிருந்தார். சுதந்திரம் வந்தது; அவரைத் தேடி யாரும் வரவில்லை. 1951 பெப்ரவரி 12ஆந் திகதி, தமது ஓவியக் கண்காட்சி திறக்கவிருந்த சில மணி நேரத்துக்கு முன் மக்தா காலமானார். காசநோயுடன் தனித்திருந்த ஆச்சாரியா 1954 மார்ச் 20ஆந் திகதி பம்பாய் ஆஸ்பத்திரி ஒன்றில் மறைந்தார்.