மண்ணிடம் பாடங்கேட்டவர்

தமிழாசிரியன் ஒருவன் உழவு விஞ்ஞானியின் சரித்திரம் எழுதப் புகுவது பொருந்துமோ என்று சிலர் வினவக்கூடும். பொருந்தும் என்பதே என் துணிபு. திருக்குறளில் உழவு என்னும் அதிகாரத்தைப் பாடஞ் சொல்லும்போதெல்லாம் யான் ஓரிடத்தில் இடர்ப்பட்டதுண்டு. ஒரு பலப் புழுதி காற்பலமாகும்படி நிலத்தை உழுது காயவிட்டால், ஒரு பிடி எருவும் இல்லாமலே பயிர் விளையும் என்கிறார் வள்ளுவர். அடுத்த குறளிலேயோ, உழுவதைக் காட்டிலும் எருவிடுவது சிறந்தது என்கிறார். வேண்டாம் என்ற வாய் மூடுமுன் வேண்டும் என்கிறதே! வன்னியில் எங்கள் மாணாக்கர் பெரும்பாலும் கமக்காரரின் பிள்ளைகள். அவர்கள் இதனைக் கேளாமல் விடுவதில்லை. உரைகளால் அவிழாத இம்முடிச்சு எனக்கு அவிழ்ந்தது, சேர் அல்பேட் ஹவார்ட் என்னும் ஆங்கிலேயரின் வாழ்க்கையையும் அவர் துறையையும் கற்றபோதேயாகும்.

ஹவார்ட் 1873 ஆம் ஆண்டு டிசெம்பர் 8 ஆம் திகதி, இங்கிலாந்தின் மேற்கெல்லையிலுள்ள ஷ்ரொப்ஷயரில் ஒரு கமக்காரக் குடும்பத்திற் பிறந்தார். இலண்டனிலும் கேம்பிரிட்ஜிலும் விஞ்ஞானம் பயின்றார். 1899 இல், மேற்கிந்தியத் தீவுகளுள் ஒன்றாகிய பார்படோசுக்குப் பயிர்நோய் ஆராய்ச்சியாளராகச் சென்றார். கரும்பைத் தாக்கும் பங்கசு நோய்களை ஆராய்வது அவர் தொழில். ஆய்வுக்கூடம் இருந்தது, நுணுக்குக்காட்டி இருந்தது, தாமே பயிரிட ஒரு துண்டு நிலம் இல்லை. நோயைப் பற்றி எழுதலாம். தோட்டக்காரருக்குப் பரிகாரம் சொல்லலாம். அப்பரிகாரத்தைத் தம் கையால் ஒரு பயிருக்குச் செய்து பார்த்துவிட்டுச் சொல்ல வழியில்லை. சமைக்கத் தெரியாதவன் பாகசாத்திரம் எழுதுவது போன்ற இந்நிலை அவர் மனத்தை உறுத்திற்று. அக்காலத்துத் தம்மை ஆய்வுக்கூடத்துத் துறவி என்று பின்னாளில் அவரே எள்ளிக்கொண்டார்.

1905 இல் இந்தியா வந்தார். பீகாரிலே பூசா என்னும் ஊரில் அப்போதுதான் நிறுவப்பட்டிருந்த விவசாய ஆராய்ச்சி நிலையத்தில் அவருக்குத் தாவரவியலாளர் பதவி. இம்முறை அவர் விரும்பிக் கேட்டது நிலம். 75 ஏக்கர் அவர் பொறுப்பில் வந்தது. அங்கே கண்ட ஒரு காட்சி அவர் வாழ்க்கையைத் திருப்பியது. சுற்றுவட்டாரக் குடியானவரின் வயல்களில் மருந்து தெளிப்பாரில்லை, கடைப்பசளை இடுவாரில்லை, ஆயினும் பயிர்களிற் பூச்சியும் நோயும் வியக்கத்தக்க அளவு குறைந்திருந்தன. பட்டம் பெற்ற வேறொருவர் இதனைத் தற்செயல் என்று தள்ளியிருப்பார். ஹவார்ட் அக்குடியானவரையே தமக்குப் பேராசிரியராக வரித்துக்கொண்டார். அதனோடும் நில்லாது, பூச்சியையும் பங்கசையும் ஆசிரியர் வரிசையிற் சேர்த்தார்! எங்கே பூச்சி விழுகின்றதோ, அங்கே மண்ணிலோ விதையிலோ பயிர்செய்யும் முறையிலோ பிழை இருக்கின்றது. பூச்சி அப்பிழையைச் சுட்டும் ஆசான் என்பது அவர் கொள்கை.

ஆங்கில ஆட்சி உச்சத்தில் இருந்த நாளில், ஆளவந்த இனத்தவர் ஒருவர் ஆளப்பட்டவனின் வயல்வரம்பில் நின்று பாடங்கேட்டார் என்பதை எண்ணிப்பார்க்க வேண்டும். பண்டிதர்களாகிய எங்களுக்கே அது எளிதில் வராத குணம்.

இப்பணியில் அவருக்குச் சரிபாதியாக நின்றவர் மனைவியார் கப்ரியேல் அம்மையார். கேம்பிரிட்ஜிற் கற்றுத் தாவர உடற்றொழிலியலிற் பெயர்பெற்றவர். 1905 இல் ஹவார்ட்டை மணந்தார். புகழ்பெற்ற பூசாக் கோதுமை வகைகளை உருவாக்கியதில் இருவர்க்கும் பங்குண்டு. உலகம் கணவர் பெயரையே பேசுகின்றது, அது நீதியன்று.

பூசாவில் தாவரவியல், இரசாயனம், பூச்சியியல் என்று துறைதோறும் சுவர் எழுப்பியிருந்தார்கள். ஒரு செடியைப் பலர் கூறுபோட்டு ஆராயும் அம்முறை ஹவார்ட்டுக்கு உவக்கவில்லை. 1924 இல் ஹோல்கார் சமஸ்தானத்துத் தலைநகராகிய இந்தோரில், ஏறத்தாழ 300 ஏக்கரில் அமைந்த புதிய பயிராராய்ச்சி நிலையத்துக்குத் தலைவரானார். பருத்திக்காக எழுந்த நிலையம் அது. ஆனால் உலகம் அதனை எருக்குழியால் அறிந்தது.

அமெரிக்க மண்ணியலாளர் கிங் என்பார் 1909 இல் சீனா, கொரியா, யப்பான் ஆகிய நாடுகளைச் சுற்றிவந்து, நாற்பது நூற்றாண்டுகளாக மண்வளம் குன்றாமல் உழுதுவரும் மக்களின் கதையை எழுதியிருந்தார். அந்நூல் ஹவார்ட்டுக்கு வழிகாட்டிற்று. சீனரின் கூட்டெருக் கலையை இந்தியக் கமக்காரன் கையிலுள்ள பொருள்களுக்கு இசைய மாற்றி, யஸ்வந்த் வாட் என்னும் இந்திய இரசாயனவியலாளரின் துணையோடு ஒழுங்குபடுத்தினார். இந்தோர் முறை என்பது இதுவே. பருத்தித் தண்டு, களை, சருகு, வைக்கோல் முதலிய பயிர்க்கழிவு மூன்று பங்கு, சாணமும் மாட்டுச் சிறுநீர் ஊறிய மண்ணும் ஒரு பங்கு, சிறிது சாம்பல். ஆழமற்ற குழியில் இவற்றை அடுக்கடுக்காக இட்டு, ஈரம் காத்து, மும்முறை புரட்டினால் மூன்று மாதத்திற் கையில் உதிரும் கரிய எரு கிடைக்கும். நீர் மிகின் அழுகும், குறையின் உக்காது. அழுகுதல் வேறு, உக்குதல் வேறு என்னும் சொல்வேறுபாடு எங்கள் கமக்காரர் நாவில் இன்றும் வழங்குகின்றது.

சாணம் எதற்கு என்பதையும் சொல்லவேண்டும். வைக்கோலிற் காபன் மிகுதி, நைதரசன் குறைவு. அதனைத் தனியே மண்ணிற் புதைத்தால், உக்கச்செய்யும் நுண்ணங்கிகள் மண்ணிலுள்ள நைதரசனையும் தமக்கு இழுத்துக்கொள்ளும், பயிர் மஞ்சளிக்கும். சாணம் அக்குறையை நிரப்புகின்றது. காபன் 33 பங்குக்கு நைதரசன் ஒரு பங்கு என்ற அளவிற் குவியலைத் தொடங்குவது நன்று என்று இந்தோரிற் கணித்தார்கள்.

உக்கல் மண்ணுக்குச் செய்வதென்ன? மண்துகள்களைப் பிணித்துச் சிறு மணிகளாக்கும். இடையிடையே நீரும் காற்றும் உறையும் துளைகள் தோன்றும். வன்னியின் செங்கபில மண் மாரியில் ஒட்டும், கோடையிற் கல்லாகும். உக்கல் அருகிய நிலத்திற் பெருமழை விழுந்தால், மேற்பரப்பு இறுகி, நீர் உட்புகாது ஓடும். ஓடும்போது மேல்மண்ணை வாரிச்சென்று குளத்திற் கொட்டும். காட்டுச் சருகின் கீழுள்ள மண்ணோ மழையை உறிஞ்சி மெல்லக் கசியவிடும். கனகராயன் ஆற்றின் மேற்புறக் காடும் கீழேயுள்ள இரணைமடுக் குளமும் இருவேறு பொருள்கள் அல்ல. வவுனியாவின் சிறு குளங்களுக்கும் அவற்றின் அலைகரைக்கு மேலுள்ள பற்றைக்காடுகளுக்கும் உள்ள உறவும் அத்தகையதே.

இனிக் குறளுக்கு வருவோம். காய்ந்த புழுதியில் முதல் மழை விழுந்தவுடன் நுண்ணங்கிகள் எழுந்து உக்கலைச் சிதைத்து, அதிலிருந்த நைதரசனை விடுவிக்கும். ஆதலால் அப்போகத்துக்கு எரு வேண்டாமை மெய். ஆனால், அது வைப்பிலிருந்து எடுத்த செலவு. வெப்ப நாட்டில் உக்கல் விரைவிற் கரைந்துவிடும். முதற் குறள் செலவைச் சொல்லிற்று. அடுத்தது வரவைச் சொல்லிற்று என்று யான் இப்போது பாடஞ் சொல்கிறேன். உரையாசிரியர்கள் இவ்வாறு உரைக்கவில்லை, மாணாக்கர் ஒப்புகிறார்கள்.

நிலத்தினின்று எடுத்ததை நிலத்துக்கே மீட்டல் வேண்டும் என்பதே ஹவார்ட் கண்ட நியதி. யாழ்ப்பாணத்தில் பூவரசங்குழை தாழ்த்தியதும், வயலில் மாட்டுப்பட்டி அடைத்ததும் அந்நியதியின்பாற்பட்டனவே. இக்காலத்திலோ சூடடித்த வைக்கோலை வயலிலேயே கொளுத்துவோர் பலர்.

2021 ஆம் ஆண்டு மே மாதத்தில் அரசு இரசாயனப் பசளை இறக்குமதியைத் தடைசெய்து, நாடு முழுவதையும் ஒரே வீச்சிற் சேதன விவசாயத்துக்குத் திருப்ப முயன்றது. விளைச்சல் குன்றிற்று, கமக்காரர் தெருவுக்கு வந்தனர், நவம்பரிலே தடை கைவிடப்பட்டது. அதன்பின் சேதனப் பசளை என்ற சொல்லைக் கேட்டாலே எங்களூரிற் பலர் முகஞ்சுளிக்கின்றனர். இப்பழியை ஹவார்ட்டின்மேல் ஏற்றுதல் தகாது. அவர் இந்தியாவில் உழைத்தது 26 ஆண்டு. முதலிற் பார்த்தார், பின் தம் நிலத்திற் செய்தார், அளந்தார், அதன் பின்னரே பிறர்க்குச் சொன்னார். எருக்குழியே இல்லாத ஊருக்கு எருவால் மட்டும் விளைவி என்று ஆணையிடுவது அவர் வழியன்று.

அவர் கூற்றனைத்தையும் மெய்யென்று கொள்ளவும் வேண்டா. உக்கல் நிறைந்த மண்ணில் விளையும் பயிரையும், அதனை உண்ணும் மாட்டையும் மனிதரையும் நோய் எளிதில் அணுகாது என்னுமளவுக்குச் சென்றார். பூசாவில் தம் எருதுகள், கால், வாய் நோய் கண்ட அயல் மாடுகளோடு முகமுரசியும் நோயின்றி இருந்தன என்பது அவர் காட்டிய சான்று. ஒரு தொழுவத்தின் அனுபவம் பொதுவிதியாகாது. இங்கிலாந்தில் ரொதாம்ஸ்டெட் என்னுமிடத்தில் 1843 முதல் நடந்துவரும் கோதுமை ஆராய்ச்சியில், தொழுவெரு இட்ட பாத்தியும் இரசாயனப் பசளை இட்ட பாத்தியும் பெரிதும் ஒத்த விளைவையே தந்துள்ளன. ஆனால், தொழுவெருப் பாத்தியின் மண்ணிற் சேதனப்பொருள் இருமடங்குக்கு மேல் ஏறியிருக்கின்றது. இரண்டையும் அளவறிந்து சேர்த்திடும்படி மண்ணியலார் பலர் இன்று கூறுகின்றனர். ஹவார்ட் கேட்டிருந்தால் சீறியிருப்பார்!

1930 இல் கப்ரியேல் அம்மையார் காலமானார். அடுத்த ஆண்டு ஹவார்ட் பணியினின்று நீங்கி இங்கிலாந்து சென்றார். இந்தோர் முறையை விளக்கும் நூலும் அவ்வாண்டே வெளிவந்தது. அம்மையாரின் தங்கை லூயிஸ் அவருக்கு வாழ்க்கைத் துணையானார். 1934 இல் சேர் பட்டம் பெற்றார். 1937, 1938 ஆம் ஆண்டுகளில் இந்தியாவிலும் இலங்கையிலும் தேயிலைத் தோட்டங்களைச் சுற்றிப்பார்த்தார். அவற்றுட் சில அவர் முறையிற் கூட்டெரு செய்துகொண்டிருந்தன. 1940 இல், போர்க்காலத்தில், அவரது பெருநூலாகிய விவசாய சாசனம் வெளிவந்தது. அதனை மறைந்த கப்ரியேலுக்கே காணிக்கையாக்கியிருந்தார். 1947 ஒக்டோபர் 20 ஆம் திகதி, தம் 73 ஆம் வயதில் மறைந்தார். இந்தியா சுதந்திரம் பெற்று இரண்டு மாதங்களே ஆகியிருந்தன. இந்தியாவில் அவர் ஆற்றிய பணியின் வரலாற்றை லூயிஸ் அம்மையார் எழுதி, 1953 இல் நூலாக வெளியிட்டார்.